பொட்டுக்குள் போன அழுகை

பழைய தமிழ்ப் படங்களின் சத்தத்தைச் சுத்தம் செய்து தருகிறோம் என்று பலகை மாட்டியிருந்த எங்கள் அலுவலகம், பினாங்கிலேயே அதிகமாகச் சத்தம் போடும் தெருவில்தான் இருந்தது. குவீன் ஸ்திரீட்டில் ஒரு கடைவீட்டு மாடி. கீழே கேசட் கடை. காலையில் பக்திப் பாட்டில் தொடங்கி மாலையில் டப்பாங்கூத்தில் முடிப்பார்கள். எதிரே பாத்திரக் கடை. நடுவே திரிஷா என்ற மூன்று சக்கர வண்டிக்காரர்களின் மணி, கோயில் மணி, பஸ்ஸைத் தவறவிட்டவர்களின் வசவு. இந்த இடத்தில் உட்கார்ந்துகொண்டு, என் அம்மாவுக்குக் கல்யாணம் ஆவதற்கு முன் எடுத்த படத்தில் ஒரு கொசு பறந்தாலும் பிடித்து வெளியே விட வேண்டும் என்று முதலாளி எதிர்பார்த்தார். பலகையில் கம்பெனிப் பெயருக்குக் கீழே 'பழமை மாறாமல் புதுமை' என்று எழுதியிருந்தது. அதற்கு என்ன அர்த்தம் என்று நான் கேட்கவில்லை. கேட்டால் விளக்குவார் என்ற பயம்.

வீடியோ பிளேயர் வீட்டுக்கு வீடு நுழைந்துகொண்டிருந்த காலம் அது. படக்கொட்டகைகளின் கிடங்குகளில் தகர டப்பாக்களுக்குள் பூசணம் பூத்துக் கிடந்த படச்சுருள்களை வாங்கி, துடைத்து, ஒட்டி, சத்தத்தில் இருக்கும் கீறலையும் இரைச்சலையும் குறைத்து, வீடியோ கேசட்டுக்கு மாற்றித் தருவதுதான் தொழில். மொத்தம் மூன்று பேர். முதலாளி. முன்பு படக்கொட்டகையில் படம் ஓட்டியவரும் இப்போது எங்கள் ஒரே ஒலி நிபுணருமான ஓர் அண்ணன். பிறகு நான். கடிதம் டைப் அடிக்கவும் தொலைபேசி எடுக்கவும்தான் என்னைச் சேர்த்தார்கள். பிள்ளை பெற்றுத் திரும்பி வந்த பிறகு எனக்கு இன்னொரு வேலையும் சேர்ந்துவிட்டது. சத்தம் கேட்கும் வேலை.

அதில் என் திறமை ஒன்றும் இல்லை. கைப்பிள்ளைக்காரியின் காது அப்படித்தான் இருக்கும். மின்விசிறி சுற்றினாலும் அதற்குள் பிள்ளை அழுவது எனக்குக் கேட்கும். வீட்டில் எழுந்துபோய்ப் பார்த்தால் பிள்ளை தூங்கிக்கொண்டிருப்பாள். திரும்பி வந்து படுத்தால், மூச்சு விட்டாளா என்று சரியாகப் பார்க்கவில்லையே என்று மறுபடி எழுவேன். அலுவலகத்தில் அதே காதை ஹெட்ஃபோனுக்குள் வைத்தால், ஒட்டுப் போட்ட இடம், பூசணம் அரித்த இடம், படப்பிடிப்புக்கு நடுவே எவரோ இருமிய இடம், எல்லாம் தனித்தனியாகத் தெரிந்தன. அண்ணன் சந்தோஷப்பட்டார். முதலாளி இன்னும் சந்தோஷப்பட்டார். ஏனென்றால் சம்பளம் டைப்பிஸ்ட் சம்பளம்தான்.

ஒரு சங்கடம் மட்டும் இருந்தது. பிள்ளைக்கு அப்போது எட்டு மாதம். பகலில் பக்கத்து பிளாட் அக்காவிடம் விட்டுவிட்டு வருவேன். பழைய படங்களிலோ ரீலுக்கு ஒரு பிள்ளை அழும். தொட்டிலில் அழும், ஆற்றில் விட்ட பெட்டியில் அழும், அநாதை ஆசிரம வாசலில் அழும். ஹெட்ஃபோனில் அந்த அழுகை கேட்ட உடனே எனக்குப் பால் சுரந்துவிடும். அந்தப் பிள்ளைக்கு இப்போது பேரன் பேத்தி இருக்கலாம் என்று மூளைக்குத் தெரியும், மார்புக்குத் தெரியாது. மடித்த சிறு துண்டு ஒன்றை உள்ளே வைத்துக்கொண்டு, கோப்பு ஒன்றை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு நடமாடுவேன். "எந்நேரமும் ஃபைலோடயே இருக்குது பாரு, இதான் பொறுப்பு" என்று முதலாளி அண்ணனிடம் மெச்சினார்.

இனி அந்தக் கறுப்புப் பொட்டைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

படச்சுருளின் ஓரத்தில் மெல்லிய கோடு ஒன்று நெளிந்துகொண்டே ஓடும். அதுதான் சத்தம். விளக்கு வெளிச்சம் அதன் வழியே புகுந்து, ஒலியாக மாறிக் காதுக்கு வரும். சுருள் அறுந்து ஒட்டுப் போட்ட இடத்தில் கோடு வெட்டுப்படும். அங்கே 'டப்' என்று வெடிக்கும். அந்த வெடியை அடக்க, ஒட்டு விழுந்த இடத்தில் கோட்டின் மேல் மெல்லிய தூரிகையால் கறுப்பு மையைத் தொட்டு ஒரு பொட்டு வைப்பார்கள். வெளிச்சம் புகாது, சத்தமும் வராது. பிள்ளையின் கன்னத்தில் திருஷ்டிப் பொட்டு வைத்துப் பழகிய கை என்பதால் அது எனக்கு முதல் நாளே வந்துவிட்டது.

ஆனால் அதில் ஒரு சூட்சுமம் உண்டு. படம் ஓட்டும் இயந்திரத்தில் படத்தைக் காட்டும் சன்னல் மேலே, சத்தத்தைப் படிக்கும் விளக்கு கீழே. அதனால் ஒரு காட்சிக்கு உரிய சத்தம் அந்தக் காட்சியின் பக்கத்திலேயே இருக்காது. ஏறக்குறைய ஒரு முழம் முன்னால் ஓடிக்கொண்டிருக்கும். 'டப்' என்று கேட்ட உடனே இயந்திரத்தை நிறுத்தி, சன்னலில் நிற்கும் படத்துக்குப் பக்கத்தில் பொட்டு வைத்தால், வெடி அப்படியே இருக்கும். ஒரு பாவமும் அறியாத வேறொரு சத்தம் செத்துப்போகும். அண்ணன் எனக்கு முதலில் சொல்லிக் கொடுத்ததே இதுதான். "காதுல கேக்குறது ஒரு இடம், கண்ணுல படுறது ஒரு இடம். நடுவுல ஒரு மொழம். இத மறந்தா நீ படத்த சுத்தம் பண்ணல, கொலை பண்றன்னு அர்த்தம்."

முதலாளிக்கும் சொல்லியிருக்கிறார். முதலாளி அதைக் கேட்டுத் தலையாட்டிவிட்டு, வருகிறவர்களிடமெல்லாம் தானே கண்டுபிடித்ததுபோலச் சொல்லிக்கொண்டிருந்தார்.

அந்த வருடம் தீபாவளிக்கு முன்பு, டத்தோ பட்டம் வாங்கிய பெரிய மனிதர் ஒருவர் தம் படத்தைக் கொண்டுவந்தார். அவர் அதில் நடித்தவரோ எடுத்தவரோ அல்ல. இளைஞனாக இருந்தபோது இந்தியாவிலிருந்து தருவித்து இங்கே ஓட்டியவர். அவருடைய முதல் வியாபாரம். அதனால் அவருக்கு அது படமில்லை, பெற்ற பிள்ளை. அவரிடம் இன்னும் ஓர் அறை நிறையப் பழைய சுருள்கள் இருந்தன. இது நன்றாக வந்தால் எல்லாம் உங்களுக்கே என்று சொல்லிவிட்டார். முதலாளி அன்றைக்கே புது விசிட்டிங் கார்டு அடிக்கக் கொடுத்தார்.

டத்தோ நாற்காலியில் சாய்ந்துகொண்டு எங்களுக்கு உத்தரவு போட்டார். "ஒண்ணும் மாத்தக் கூடாது. அப்படியே இருக்கணும். ஒரிஜினல்."

"நிச்சயமா டத்தோ. பழமை மாறாது" என்றார் முதலாளி.

"அந்த இடி மட்டும் கொஞ்சம் பலமா வரணும். கதாநாயகி ஓடுறப்ப தூரத்துல ரயில் ஊதும், அது இப்ப கேக்கல, போட்டுடுங்க."

அண்ணன் மெதுவாக, "டத்தோ, அந்த எடத்துல ரயிலே இல்லையே" என்றார்.

"இருந்துச்சு தம்பி. நான் எத்தனை தடவ பாத்திருப்பேன்? அந்தக் காலத்துல இருந்துச்சு."

படத்தில் ஊரே ஆற்றங்கரைக் கிராமம். தண்டவாளம் எங்கும் கிடையாது. அந்தக் காலத்துக் கொட்டகைக்கு வெளியே போன ரயில்தான் அவர் நினைவில் படத்துக்குள் ஏறிக்கொண்டிருக்க வேண்டும். முதலாளி ரயில் ஊதலை உடனே ஒப்புக்கொண்டார். ஸ்டுடியோவுக்கு வெளியே அன்று கத்திய ஒரு காக்கை, சோக வசனத்துக்கு நடுவே நிஜமாகவே பதிவாகியிருந்தது. அதை எடுத்துவிடச் சொன்னார்கள். இருந்த காக்கை போகும், இல்லாத ரயில் வரும், ஆனால் ஒன்றும் மாறாது. நான் இதைக் குறித்துக்கொண்டேன். என் கையெழுத்து அழகாக இருக்கிறதென்று டத்தோ பாராட்டினார்.

படத்தின் முக்கியக் காட்சி ஒரு பிரசவம். வெளியே மழை. குடிசை வாசலில் அப்பா அங்கும் இங்கும் நடக்கிறார். உள்ளே அமைதி. பிறகு ஒரே ஓர் அழுகை, குட்டையாக, வயலின் கியலின் எதுவும் இல்லாமல். உடனே மருத்துவச்சி கதவைத் திறந்து, "கேட்டீங்களா குரலை! இந்தக் குரலுக்கு ஊரே எழுந்து நிக்கும்!" என்பாள். அப்பா கண்ணீர் விடுவார். அடுத்த காட்சியிலேயே பிள்ளை இருபது வயதுக் கதாநாயகனாகிக் குதிரையில் வருவான். அதற்குப் பிறகு அவன் அழமாட்டான்.

அழுகைக்குச் சற்று முன்னால் ஓர் ஒட்டு. 'டப்' என்றது. அண்ணன் அன்று அக்கரையிலுள்ள ஜுருவுக்குப் போயிருந்தார். இயந்திரத்தின் மோட்டார் பெல்ட் அறுகிற நிலைக்கு வந்தால் அங்குள்ள கார்ச் சாமான் கடைகளில்தான் வேறொன்று தேடிப் பிடிப்பார். மாலையில் வந்து அவரே பொட்டு வைக்கலாம் என்று நான் சொன்னேன். முதலாளிக்குப் பொறுக்கவில்லை. தூரிகையை எடுத்துக்கொண்டார்.

"பாஸ், ஒரு முழம் தள்ளி..." என்றேன்.

"எனக்குத் தெரியாதாம்மா? நான்தான எல்லாருக்கும் சொல்றேன்."

'டப்' கேட்டதும் நிறுத்தினார். சன்னலில் நின்ற படத்துக்கு நேராகவே தூரிகையை வைத்தார். மறுபடியும் சொல்லலாமா என்று யோசித்தேன். அவர் மனத்துக்குள் முழம் அளந்துவிட்டுத்தான் வைக்கிறாரோ, நான்தான் தப்பாகப் புரிந்துகொண்டேனோ என்றும் யோசித்தேன். நான் யோசித்து முடிப்பதற்குள், ஒட்டின் அளவுக்கு வைக்க வேண்டிய பொட்டை அவர் ஒரு சாண் நீளத்துக்குப் பூசி முடித்திருந்தார். அதுவும் படமும் சத்தமும் பதிந்திருக்கும் மருந்து பூசிய பக்கத்தில்.

மாலையில் அண்ணன் வந்து ஓட்டிப் பார்த்தார். மழை. அப்பா நடந்தார். 'டப்' என்று வெடித்தது. பிறகு ஒன்றுமே இல்லை. மருத்துவச்சி கதவைத் திறந்து, "கேட்டீங்களா குரலை! இந்தக் குரலுக்கு ஊரே எழுந்து நிக்கும்!" என்றாள். அப்பா ஆனந்தக் கண்ணீர் விட்டார்.

"பட்டாசு பொறந்திருக்கு" என்றார் அண்ணன்.

மையைத் துடைத்துப் பார்த்தார். மையோடு மருந்தும் உரிந்து வந்தது. அந்தப் பிள்ளையின் அழுகை இந்த உலகத்திலிருந்து போய்விட்டது. அண்ணன் சுருளை விளக்குக்கு நேரே பிடித்து இன்னொரு முறை பார்த்தார். முதலாளி மட்டும் பேசினார். மை சரியில்லை என்றார், தூரிகை சரியில்லை என்றார், மோட்டார் பெல்ட்டையும் ஒரு பிடி பிடித்தார்.

"வேற படத்துலேருந்து ஒரு அழுகை எடுத்துப் போடலாமே அண்ணே?" என்றேன்.

"எந்தப் படத்துலம்மா பிள்ள வயலின் இல்லாமப் பொறந்திருக்கு? எடுத்தா அழுகையோட வயலினும் வரும்."

அப்போதுதான் முதலாளியின் பார்வை என் மேல் விழுந்தது. அந்தப் பார்வையை எனக்குத் தெரியும். லீவு கேட்டு நிற்கும்போது வராது, வேலை சேர்க்கும்போது வரும்.

"உன் பிள்ள நல்லா அழும்னு சொல்லுவியே."

"பாஸ், அவளுக்கு எட்டு மாசம். பொறந்த பிள்ளையோட குரல் வேற..."

"அழுகையில என்ன லா வித்தியாசம்? நாளைக்குத் தூக்கிட்டு வா. நாளான்னைக்கு டத்தோ வர்றாரு. அந்த ரூம் நெறைய இருக்கிற சுருள் போச்சுன்னா இந்தக் கம்பெனி இல்ல. கம்பெனி இல்லாட்டி டைப்பிஸ்ட் எதுக்கு?"

வீட்டுக்குப் போகும் பஸ் முழுக்க அதையே புரட்டினேன். பிள்ளையைத் தூக்கிப் போவதில் என்ன தவறு? அலுவலகத்துக்கு உதவிதானே? ஆனால் அவளாக அழாவிட்டால் அழ வைக்கச் சொல்வார்களே. பிள்ளையைப் பிறரிடம் விட்டுவிட்டு வேலைக்குப் போகிறவள் என்று எனக்கு ஏற்கெனவே ஒரு பெயர் உண்டு. வேலைக்காகப் பிள்ளையை அழ வைத்தவள் என்று இன்னொன்றும் வேண்டுமா? கணவரிடம் சொன்னேன். துறைமுக அலுவலகத்தில் குமாஸ்தா. எதையும் சிக்கனமாகப் பார்ப்பவர்.

"குடுத்திட்டு வாவன். இங்க ராத்திரியில சும்மாதானே போகுது" என்றார். பேப்பரைத் திருப்பிவிட்டு, "உனக்கு வேலை போட்டவையோ, பிள்ளைக்குப் போட்டவையோ?" என்றும் கேட்டார். அவர் குடும்பம் யாழ்ப்பாணத்திலிருந்து வந்து இரண்டு தலைமுறை ஆகிறது. கிண்டல் மட்டும் இன்னும் கப்பலை விட்டு இறங்கவில்லை.

மறுநாள் தூக்கிக்கொண்டு போனேன். கீழே கேசட் கடைக்காரரிடம் கெஞ்சிப் பாட்டை நிறுத்தச் சொல்லியிருந்தார்கள். சன்னலெல்லாம் மூடி, மின்விசிறியையும் நிறுத்தியதில் அறை இட்லிப் பானையாக இருந்தது. மேசைக்கு நடுவே மைக். என் மடியில் பிள்ளை. அண்ணன் டேப்பை ஓடவிட்டார்.

குளிப்பாட்டினால் அழுகிறவள், உடுப்பு மாற்றினால் அழுகிறவள், நான் மூலையில் மறைந்தால் அழுகிறவள், அங்கே அழவில்லை. சுற்றும் டேப்பைப் பார்த்தாள். அதைவிட அதிசயமான ஒன்றைப் பிறந்ததிலிருந்து பார்த்ததில்லை என்பதுபோல வாயைத் திறந்துகொண்டு பார்த்தாள். முதலாளி கண்ணை உருட்டிப் பூச்சாண்டி காட்டினார். அவள் சிரித்தாள். அவர் உறுமினார். அவளும் உறுமினாள். அண்ணன் ஒரு தகர டப்பாவைத் தரையில் போட்டார். கையைத் தட்டினாள்; இன்னொரு டப்பா வேண்டுமாம்.

"பால் குடுத்தியா வர்றப்ப?" என்றார் முதலாளி, குற்றம் சாட்டும் குரலில்.

"குடுத்தேன் பாஸ்."

"அதான். கொஞ்சம் பசிக்க விடணும். உக்காரு, மத்தியானம் வரைக்கும் பாப்போம்."

"இல்ல பாஸ்" என்றேன். நான் அவரிடம் அதுவரை சொல்லாத வார்த்தை அது. அவரைவிட நான்தான் அதிகமாகத் திடுக்கிட்டேன்.

"சரி, அப்ப லேசா ஒரு கிள்ளு. தொடையில. ஒரு நிமிஷ வேலை."

இந்த அறையில் தினமும் தாய்மாரைத்தான் துடைத்துப் பளபளப்பாக்கிக்கொண்டிருந்தோம். பிள்ளைக்காகக் கண்ணைக் கொடுத்தவள், சிறைக்குப் போனவள், இருமி இருமிச் செத்தவள். ஒவ்வொருத்தியின் தியாகத்திலும் இரைச்சல் இல்லாமல் பார்த்துக்கொள்வது எங்கள் பணி. தாயின் பாட்டு வந்தால் முதலாளி கைக்குட்டையை எடுப்பார். அதே மனிதர்தான் கிள்ளு என்றார்.

"கிள்ள மாட்டேன் பாஸ். வேற டைப்பிஸ்ட் பாத்துக்குங்க."

சொன்ன பிறகு வழக்கம்போல யோசித்தேன். வீட்டு வாடகை, கணவரின் முகம், கைப்பிள்ளையோடு இன்னொரு வேலை தேடுவது. யோசித்தும் வார்த்தையைத் திரும்ப எடுக்கத் தோன்றவில்லை. பிள்ளையை இறுக்கிக்கொண்டேன்.

"நீ ஒண்ணும் செய்ய வேணாம், பயந்தாங்கொள்ளி. நான் செல்லமா ஒரு தடவ..." என்று முதலாளி குனிந்து, மோதிரம் போட்ட விரலைக் கன்னத்துக்கு நீட்டினார்.

பிள்ளைக்குக் கீழ்வரிசையில் இரண்டு பல் வந்திருந்தது. மேலேயும் ஈறு தினவெடுத்துக்கொண்டிருந்தது. அந்த வாரம் முழுக்க அவள் எதைக் கண்டாலும் கடித்தாள். நாற்காலி விளிம்பு, சாவி, நான். நீட்டிய விரலை இரண்டு கையாலும் பிடித்து வாய்க்குள் வைத்துக்கொண்டாள். முதலாளி ஒரு கணம் சிரித்தார். "பாத்தியா, என்ன ஒட்டுதல்..."

அடுத்து அவர் போட்ட சத்தத்துக்கு நிஜமாகவே தெரு எழுந்து நின்றது. கீழிருந்து கேசட் கடைக்காரர், "அண்ணே! மேல யாருக்கு என்னாச்சி?" என்று கத்தினார். பிள்ளை விரலை விட்டுவிட்டு, இவ்வளவு பெரிய சத்தம் தானே செய்ததா என்று பெருமையோடு என்னைப் பார்த்தாள்.

டேப் ஓடிக்கொண்டே இருந்தது.

"அழிச்சிடு அத!" என்றார் முதலாளி, விரலை உதறிக்கொண்டே.

"பதிவான எதையும் அழிக்கக் கூடாதுன்னு நீங்கதான பாஸ் சொல்லுவீங்க" என்றார் அண்ணன். முகத்தில் சிரிப்பே இல்லை. டேப்பைப் பின்னுக்குச் சுற்றினார். ஒரு குமிழைத் திருப்பி, இரு மடங்கு வேகத்தில் ஓடவிட்டு, ஹெட்ஃபோனை என்னிடம் நீட்டினார். "கேளும்மா. ஒன் காதுதான் சொல்லணும்."

மாட்டிக்கொண்டேன். முதலாளியின் தடித்த குரல் வேகத்தில் மெலிந்து, உயர்ந்து, ஒரு சாண் நீளத்துக்குச் சுருங்கி வந்தது. கோபமும் திகைப்பும் கலந்த ஒரே அழுகை. இந்த உலகத்துக்கு ஏன்தான் வந்தோம் என்று கேட்கும் பச்சைப் பிள்ளை.

எனக்குப் பால் சுரந்துவிட்டது.

அந்த அவமானத்தை எப்படிச் சொல்வது? நிஜப் பிள்ளை மடியில் உட்கார்ந்து சாவியைக் கடித்துக்கொண்டிருக்க, என் உடம்பு முதலாளிக்குப் பசியாற்றத் தயாரானது. கோப்பைத் தேடினேன். கோப்பு மேசையில் இருந்தது. பிள்ளையையே நெஞ்சோடு அணைத்துக்கொண்டேன்.

"நல்லா இருக்கா? நம்புவாங்களா?" என்றார் அண்ணன்.

"நம்புவாங்க அண்ணே" என்றேன். "அப்படியே போடுங்க."

மறுநாள் டத்தோ வந்தார். தொலைக்காட்சிப் பெட்டிக்கு முன்னால் நாற்காலி போட்டோம். வேறு டைப்பிஸ்ட் பார்ப்பது பற்றி முதலாளி பேச்சே எடுக்கவில்லை. பிளாஸ்டர் ஒட்டிய விரலைச் சிலுவார்க் கால்சட்டைப் பைக்குள் விட்டபடி சுவரோரமாக நின்றார். இடி பலமாக இடித்தது. ரயில் இல்லாத ஊரில் ரயில் ஊதியது. டத்தோ, "சொன்னேன்ல" என்று அண்ணனைத் திரும்பிப் பார்த்தார். பிறகு மழை. அப்பா நடந்தார். அமைதி. நான் கோப்பை எடுத்து நெஞ்சோடு அணைத்துக்கொண்டேன்.

பிள்ளை அழுதது. "கேட்டீங்களா குரலை!" என்றாள் மருத்துவச்சி.

டத்தோ கண்ணாடியைக் கழற்றினார். படத்தை நிறுத்தச் சொன்னார். கண்ணைத் துடைத்துக்கொண்டு வெகுநேரம் தலையை ஆட்டினார். "அந்தக் காலம் அந்தக் காலம்தான் லா. பச்சப் பிள்ளகூட எப்படி உணர்ச்சியா அழுவுது பாருங்க. இப்ப எடுக்கிற படத்துல இந்த உண்மை இருக்கா?"

"எங்கே இருக்கு டத்தோ" என்றார் முதலாளி, சுவரைப் பார்த்துக்கொண்டு.

டத்தோ என் பக்கம் திரும்பினார். "நீ சொல்லும்மா. பிள்ள பெத்தவ நீ. ஒனக்குத்தான் தெரியும். இது உண்மையான அழுகைதான?"

நான் பொய் சொல்லிப் பழகாதவள். நிதானமாக யோசித்தேன். முதலாளியின் சட்டைக் கையையும், அது முடிந்து கை பைக்குள் மறைந்த இடத்தையும் பார்த்தேன்.

"உண்மையான அழுகைதான் டத்தோ" என்றேன். "நிஜமாவே வலிச்சு அழுதிருக்காங்க."